பூண்டுக் கோழி பாஸ்தா சரியாக வரவில்லையா? அறிகுறி பார்த்துத் திருத்தும் வழி

மலேசியாவில் எங்கள் சுங்கை சிப்புட் பக்கம் இப்போது மளிகைக் கடையிலேயே ஸ்பகெட்டி பாக்கெட் கிடைக்கிறது. வேலை முடிந்து வீட்டுக்கு வந்து, பிள்ளைகள் பசியில் சிணுங்கத் தொடங்குவதற்குள் ஒரு முழுச் சாப்பாட்டை மேசையில் வைக்க வேண்டுமென்றால், பூண்டும் கோழியும் போட்ட பாஸ்தா ரொம்பத் தோதானது. எல்லாம் சரியாக நடந்தால் அரை மணி நேர வேலை.

சரியாக நடக்காதபோதுதான் எனக்கு போன் வரும். "அத்தை, பூண்டு கசக்குது", "அக்கா, கோழி தண்ணியா விட்டுடுச்சு" என்று எப்போதும் அதே ஏழெட்டுப் புகார்கள். கூடவே, ஈப்போவுக்குப் போய் நல்ல சீஸ் வாங்கட்டுமா, கிரீம் ஊற்றினால் சரியாகுமா என்ற கேள்வியும் வரும். கடைக்குப் போவது கடைசி வழி. இந்தச் சமையலில் வரும் கோளாறுகளில் பெரும்பாலானவை தீயில்தான் இருக்கின்றன. பூண்டுக்குத் தீ குறைய வேண்டும், கோழிக்கும் தண்ணீருக்கும் கூட வேண்டும். நாம் பழக்கதோஷத்தில் மாற்றி வைக்கிறோம். அதனால் கீழே ஒவ்வொரு அறிகுறிக்கும் காசு செலவில்லாத காரணத்தை முதலிலும் செலவு வைப்பதைக் கடைசியிலும் எழுதியிருக்கிறேன்.

நான் கணக்கில் வைத்திருக்கும் அளவு நாலைந்து பேருக்கானது: ஸ்பகெட்டி 400 கிராம், எலும்பு நீக்கிய கோழித் தொடை 400 கிராம், பூண்டு 10 முதல் 12 பல், எண்ணெய் 4 மேசைக்கரண்டி, வெண்ணெய் ஒரு மேசைக்கரண்டி, மிளகுத்தூள், காய்ந்த மிளகாய்த் துணுக்கு, சீஸ் துண்டு ஒன்றிரண்டு, மேலே தூவ டாவுன் சுப் (சூப்பில் போடும் தழை). முதலில் கோழியை வதக்கி எடுத்து வைத்துவிட்டு, அதே சட்டியில் பூண்டு, அப்புறம் பாஸ்தாவும் அது வெந்த தண்ணீரும், கடைசியில் கோழியும் சீஸும். இந்த வரிசை மாறாமல் இருந்தால்தான் கீழே உள்ள சோதனைகள் பொருந்தும்.

பூண்டு கசக்கிறது

அதிகம் வரும் புகார் இது. சட்டியில் கிடக்கும் பூண்டை ஒரு துண்டு எடுத்துப் பாருங்கள்.

*ஓரம் கருத்திருக்கிறது, அல்லது அடர்ந்த பழுப்பு நிறம்.* தீதான் காரணம். மீ கோரெங்குக்கும் (வறுத்த நூடுல்ஸ்) தாளிப்புக்கும் எண்ணெய் புகையக் காய்ந்த பிறகு பூண்டு போட்டுப் பழகிய கை நமக்கு. மீ கோரெங்கில் அடுத்த நொடியே வேறு பொருள்கள் விழுந்து சூட்டை இறக்கிவிடும். இங்கே பூண்டும் எண்ணெயும் மட்டும் தனியாக நிற்கின்றன. அதனால் எண்ணெய் ஆறியிருக்கும்போதே பூண்டைப் போட்டு, சின்னத் தீயில் இரண்டும் சேர்ந்தே சூடாகட்டும்.

கோழி வதக்கிய சட்டி என்றால் இன்னொன்றும் பாருங்கள். அடுப்பை அணைத்தாலும் சட்டி சுட்டுக்கொண்டேதான் இருக்கும். இரண்டு நிமிடம் தள்ளி வைத்து, கொஞ்சம் புது எண்ணெய் ஊற்றி, அப்புறம் பூண்டைப் போடுங்கள். சட்டியைச் சற்றே சாய்த்துப் பிடித்தால் எண்ணெய் ஒரு பக்கம் சேரும், பூண்டு அதில் மூழ்கிக் கிடக்கும். சுற்றிலும் பொடிப்பொடியாக நுரை எழும். முதலில் பச்சை வாடை வரும், பிறகு இனிப்பான வாசம். சீவலின் விளிம்பு மட்டும் வைக்கோல் நிறத்துக்கு வந்தவுடன் அடுப்பை அணைத்து, ஒரு கரண்டி பாஸ்தா தண்ணீரைச் சட்டியின் ஓரமாக ஊற்றுங்கள். சடசடவென்று பொங்கி அடங்கும். அதோடு பூண்டு சிவப்பது நின்றுவிடும். நடுவும் பொன்னிறமாகட்டும் என்று காத்திருந்தால், தட்டுக்கு வருவதற்குள் கருத்துவிடும்.

*சில துண்டு கருப்பு, சில துண்டு வெள்ளை.* வெட்டியதில் உள்ள குறை. ஒரே கனத்தில் சீவுங்கள். இடித்த பூண்டில் பொடி முதலில் தீயும், பெரிய துண்டு பச்சையாகவே நிற்கும். இடிகல்லை ரசத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

*நிறம் சரியாக இருக்கிறது, ஆனாலும் கசப்பு, காரல்.* பல்லை நெடுக்காகப் பிளந்து பாருங்கள். நடுவில் பச்சை முளை தெரிந்தால் கத்தி முனையால் நெம்பி எடுத்துவிடுங்கள். பல் மஞ்சளித்துத் தொளதொளவென்று இருந்தால் பூண்டு பழசு, மாற்றுங்கள். அரைத்துப் போத்தலில் அடைத்து விற்கும் பூண்டு இந்தச் சமையலுக்கு வேண்டாம். அதில் புளிப்புச் சேர்த்திருப்பார்கள், எண்ணெயில் போட்டதும் அடிப்பிடிக்கும்.

*எல்லாம் சரி, சின்னத் தீயிலும் நடுவில் மட்டும் தீய்கிறது.* சட்டி மெலிசு. மெல்லிய அலுமினியச் சட்டியில் தீ படும் வட்டம் மட்டும் கொதிக்கும். கனமான அடி உள்ள சட்டி ஒன்று வாங்க வேண்டிய இடம் இதுதான். அதுவரை கரண்டியைக் கீழே வைக்காமல் கிளறிக்கொண்டே இருங்கள்.

ஏற்கெனவே கருகிவிட்டதா? கிரீம் ஊற்றி மறைக்கப் பார்க்காதீர்கள், கசப்பு எல்லாவற்றிலும் ஏறிவிடும். பூண்டையும் அந்த எண்ணெயையும் கொட்டிவிட்டுப் புதிதாகத் தொடங்குங்கள். மூன்று நிமிட வேலை, பத்துப் பன்னிரண்டு பல் பூண்டு, அவ்வளவுதான் நட்டம்.

பூண்டு பச்சையாகவோ நீலமாகவோ மாறிவிட்டது

எலுமிச்சைச் சாறு, வினிகர் போன்ற புளிப்பு பட்டால் பூண்டுக்கு இப்படி ஆவதுண்டு. சாப்பிடலாம், கெடுதல் இல்லை. அடுத்த முறை எலுமிச்சையை அடுப்பை அணைத்த பிறகு பிழியுங்கள்.

பாஸ்தா ஒட்டிக் கட்டியாகிறது

சட்டியிலேயே ஒட்டுகிறதா, வடித்த பிறகு ஒட்டுகிறதா என்று முதலில் பிரித்துப் பாருங்கள்.

சட்டியிலேயே ஒட்டினால், தண்ணீர் நன்றாகக் கொதிக்குமுன் போட்டிருப்பீர்கள், அல்லது போட்டுவிட்டு வேறு வேலைக்குப் போயிருப்பீர்கள். முதல் இரண்டு நிமிடம் பக்கத்திலேயே நின்று நீளக் கரண்டியால் பிரித்து விடுங்கள், அப்புறம் அது தன்னால் வேகும். தண்ணீரில் எண்ணெய் ஊற்றுவதால் பயனில்லை. எண்ணெய் மேலேயே மிதக்கும், ஒட்டுவது கீழே.

வடித்த பிறகு ஒட்டினால், பாஸ்தா உங்களுக்காகக் காத்திருக்கிறது என்று அர்த்தம். மீ கூனிங்கை (மஞ்சள் நூடுல்ஸ்) அலசி வைத்துவிட்டுக் காய் நறுக்கலாம். பாஸ்தா அதற்கு ஒத்துவராது. பூண்டு தயாராகும் நேரமும் பாஸ்தா வேகும் நேரமும் ஒன்றாக வர வேண்டும். கோழியை வதக்கி எடுத்த பிறகு பாஸ்தாவைத் தண்ணீரில் போட்டால் கணக்குச் சரியாக இருக்கும். குழாய்த் தண்ணீரில் அலசவும் வேண்டாம். அந்தக் கஞ்சிப் பசைதான் சாஸைப் பிடித்து வைக்கிறது.

தண்ணீர் எவ்வளவு என்றும் கேட்கிறார்கள். 100 கிராமுக்கு ஒரு லிட்டர் என்பது வழக்கமான கணக்கு. ஆனால் 400 கிராமுக்கு இரண்டரை லிட்டர் இருந்தாலும், கிளறிவிட்டால் நன்றாகவே வேகும். தண்ணீர் வெட்டு அறிவித்த நாளில் இது கைகொடுக்கும். மின்கெட்டிலில் கொதிக்க வைத்துச் சட்டிக்கு மாற்றினால் கேஸும் மிச்சம், நேரமும் மிச்சம்.

பாஸ்தா குழைகிறது, அல்லது நடுவில் மாவாக நிற்கிறது

பாக்கெட்டில் போட்டிருக்கும் நிமிடத்துக்கு இரண்டு நிமிடம் முன்பே ஒரு இழையை எடுத்துக் கடித்துப் பாருங்கள். நடுவில் ஊசி முனையளவு வெள்ளை தெரிந்தால் அதுதான் எடுக்கும் பதம். மிச்சம் சாஸிலேயே வெந்துவிடும். சட்டியிலேயே முழுதாக வேகவிட்டு, சாஸிலும் கிளறினால் குழையத்தான் செய்யும்.

நேரம் பார்த்து எடுத்தும் குழைந்தால் பாக்கெட்டின் பின்பக்கம் படியுங்கள். துரும் கோதுமை ரவையில் செய்தது பதம் தாங்கும். சாதாரண கோதுமை மாவில் செய்தது சீக்கிரம் குழையும். வேறு வகை வாங்கிப் பாருங்கள், ஒன்றிரண்டு வெள்ளி (ரிங்கிட்)தான் கூட ஆகும். பாக்கெட்டில் வண்டு இருந்தால் பிரித்த கையோடு கடையில் திருப்பிக் கொடுங்கள்.

வீட்டில் பாட்டிக்கு மெல்லச் சிரமம் என்றால் அவருடைய பங்கை இரண்டாக உடைத்து, மூன்று நிமிடம் கூட வேகவிடுங்கள். மற்றவர்களுக்காக அவரை வருத்த வேண்டாம்.

கோழி தண்ணீர் விடுகிறது, வெள்ளையாகவே இருக்கிறது

முதல் காரணம் ஈரம். மஞ்சள் போட்டுக் கழுவி அப்படியே சட்டியில் போட்டால் அந்தத் தண்ணீர் வற்றும்வரை கோழி அவியும், சிவக்காது. பச்சைக் கோழியைக் கழுவும்போது தெறிக்கும் தண்ணீர் சிங்கிலும் பக்கத்துப் பாத்திரத்திலும் கிருமியைப் பரப்புகிறது, அதனால் நான் கழுவுவதே இல்லை. கழுவாமல் மனம் ஒப்பவில்லை என்றால் தெறிக்காமல் அலசி, சிங்கைச் சோப்புப் போட்டுத் தேய்த்துவிடுங்கள். எப்படியிருந்தாலும் சமையல் டிஷ்யூவால் கோழியை நன்றாக ஒற்றியெடுத்த பிறகுதான் உப்பும் மிளகும்.

இரண்டாவது, நெரிசல். 400 கிராமையும் ஒரே முறையில் கொட்டாதீர்கள். துண்டுகளுக்கு இடையில் விரல் நுழைய இடம் இருக்கட்டும். இரண்டு தடவையாகப் போட்டாலும் நேரம் கூடாது, ஏனென்றால் தண்ணீர் வற்றக் காத்திருக்க வேண்டியதில்லை. சட்டியை நன்றாகச் சூடாக்கி, கோழியைப் போட்டதும் இரண்டு மூன்று நிமிடம் கிளறாமல் விடுங்கள். கிளறிக்கொண்டே இருப்பது கறி வதக்கும் பழக்கம்.

ஐஸ் விடாத கோழி மூன்றாவது காரணம். காலையிலேயே குளிர்பெட்டியின் கீழ்த்தட்டுக்கு மாற்றியிருக்க வேண்டும். மறந்துவிட்டால், பையோடு குளிர்ந்த தண்ணீரில் அமிழ்த்தி, அரை மணிக்கொரு முறை தண்ணீரை மாற்றுங்கள். நம் ஊர் வெயிலில் மேசைமேல் வைத்து ஐஸ் விடவைக்கும் பழக்கம் ஆபத்து.

கோழி நார் நாராகக் கடிபடாமல் இருக்கிறது

நெஞ்சுக்கறியை அதிக நேரம் வதக்கினால் இப்படித்தான். தொடைக்கு மாறுங்கள், கொஞ்சம் கூடப் போனாலும் பொறுத்துக்கொள்ளும். நெஞ்சுக்கறிதான் இருக்கிறது என்றால் நாருக்குக் குறுக்காக மெலிதாகச் சீவி, வேகும்வரை மட்டும் வதக்கி எடுத்து, கடைசியில் பாஸ்தாவோடு சேர்க்கும்போது ஒரே நிமிடம் சூடுகாட்டி இறக்குங்கள்.

கம்பத்துக் கோழியை (நாட்டுக்கோழி) இதற்குப் பயன்படுத்தவே வேண்டாம். அதன் ருசி மெதுவாகக் கொதிக்கும்போதுதான் வெளிவரும். குழம்புக்கோ சூப்புக்கோ வையுங்கள். அரை மணிச் சாப்பாட்டுக்குச் சந்தைப் பண்ணைக்கோழியே பொருத்தம்.

கோழி உள்ளே சிவப்பாக இருக்கிறது

இருப்பதிலேயே பெரிய துண்டை நடுவில் வெட்டிப் பாருங்கள். சாறு கலங்கலாகவோ சதை வழவழப்பாகவோ இருந்தால் திரும்பச் சட்டிக்குப் போக வேண்டும். நிறம் மட்டும் ஏமாற்றும். எலும்பை ஒட்டிய சதை வெந்த பிறகும் சில சமயம் சிவந்தே தெரியும். உறுதியாகத் தெரிய வேண்டுமென்றால் சமையல் வெப்பமானியைக் குத்திப் பாருங்கள். உள்ளே 74 பாகை செல்சியஸ் காட்டினால் வெந்துவிட்டது. சின்னப் பிள்ளைகளும் வயதானவர்களும் சாப்பிடும் வீட்டில் அந்தக் கருவிக்குக் கொடுக்கும் காசு வீண்போகாது.

சாஸ் வறண்டுவிட்டது, எண்ணெய் தனியாக நிற்கிறது

பாஸ்தா வெந்த தண்ணீரை வடித்துக் கொட்டிவிட்டீர்களா? அதுதான் காரணம். வடிக்குமுன் ஒரு பெரிய கோப்பை நிறைய எடுத்து வைக்க வேண்டும். கால் கோப்பை ஊற்றி, மிதமான தீயில் சட்டியை ஆட்டி ஆட்டிக் கிளறினால் எண்ணெயும் தண்ணீரும் சேர்ந்து பாலாக மாறிப் பாஸ்தாவில் ஒட்டும். போதவில்லை என்றால் இன்னும் கால் கோப்பை. சட்டியில் சற்றுத் தளர்வாகவே இறக்குங்கள், மேசைக்கு வரும் நேரத்தில் பாஸ்தா உறிஞ்சிக்கொள்ளும். தண்ணீரைக் கொட்டிவிட்டிருந்தால், அரை கோப்பைச் சுடுநீரில் அரைத் தேக்கரண்டி சோளமாவு கரைத்து ஊற்றி ஒரு கொதி விடுங்கள். அன்றைக்குச் சமாளிக்கலாம்.

சீஸ் உருண்டு கட்டியாகிறது, பால் திரிகிறது

அடுப்பை அணைத்து, கொதி அடங்கிய பிறகு சீஸைப் போடுங்கள். முக்கால்வாசிப் பேருக்கு இதிலேயே சரியாகிவிடும். பர்மேசான் கிடைக்காத ஊரில், பிளாஸ்டிக் தாளில் சுற்றிய சீஸ் துண்டைப் பிய்த்துப் போடுவதில் குறையொன்றும் இல்லை. அது சீராக உருகும்படியே செய்யப்பட்டது. டப்பாவில் வரும் சீஸ் தூளைத் தட்டில் தூவிக்கொள்ளலாம், சாஸில் கரைக்கப் பார்த்தால் மணல்மணலாக நிற்கும்.

பால் ஊற்றுபவர்கள் டின்னின் மேலே எழுதியிருப்பதைப் படித்துவிட்டு ஊற்றுங்கள். சூசு சேஜாட் என்றால் இனிப்பில்லாத, சுண்டக் காய்ச்சிய பால், அது ஆகும். சூசு பெக்காட் மானிஸோ கிரிமர் மானிஸோ இனிப்புச் சேர்த்தது, தேத்தண்ணிக்கானது, இங்கே ஊற்றினால் சாப்பாட்டை மீட்கவே முடியாது. தேங்காய்ப்பால் ஊற்றினால் தீயைக் குறைத்தே வைத்திருங்கள்.

உப்புச் சப்பில்லை, அல்லது உப்புக் கரிக்கிறது

இரண்டரை லிட்டர் தண்ணீருக்கு ஒன்றரை மேசைக்கரண்டி உப்பு. தண்ணீரில் உப்பில்லாமல் வேகவைத்துவிட்டு மேலே எவ்வளவு தூவினாலும் உள்ளே ஏறாது. கரித்தால், சாஸில் வெறும் சுடுநீரை ஊற்றுங்கள், பாஸ்தா தண்ணீர் வேண்டாம், அதிலும் உப்பு இருக்கிறது. சிக்கன் கியூப் போடுபவர்கள் சாஸுக்குத் தனியாக உப்புப் போடவே கூடாது. உப்பு சரியாக இருந்தும் சப்பென்று இருந்தால் எலுமிச்சை அரை மூடி பிழிந்து பாருங்கள்.

வீட்டில் எல்லோருக்கும் ஒத்துவரவில்லை

வெள்ளிக்கிழமையோ புரட்டாசியோ சைவம் பிடிப்பவர் வீட்டில் இருந்தால், கோழியைத் தனிச் சட்டியில் வதக்கி அவரவர் தட்டில் மேலே வையுங்கள். பூண்டுப் பாஸ்தாவைத் தனியாகக் கிளறி, அதில் காளானைச் சேருங்கள். கரண்டியும் தனி. காரம் ஆகாத பிள்ளைகளுக்கு, மிளகாய்த் துணுக்கும் சீலி பாடியும் (சின்னக் கார மிளகாய்) விழுவதற்கு முன்பே எடுத்து வைத்துவிடுங்கள்.

தண்ணீர் கொதிக்கவே நேரமாகிறது, தீ மஞ்சளாக எரிகிறது

சட்டிக்கு மூடி போட்டீர்களா என்று முதலில் பாருங்கள். போட்டும் நேரமானால் அடுப்பைக் கவனியுங்கள். பாத்திரத்தின் அடியில் கரி பிடிக்கிறதா? அடுப்பு ஆறிய பிறகு பர்னர் மூடியைத் தூக்கி, பழைய பல்துலக்கியால் துளைகளைத் தேய்த்து, நன்றாக உலர்த்தி, சரியாக உட்கார வையுங்கள். மூடி ஒரு பக்கம் தூக்கிக்கொண்டிருந்தாலே தீ மஞ்சளாகும்.

தீ நீலமாக, ஆனால் சின்னதாக எரிந்தால் கேஸ் தீரப்போகிறதா என்று சிலிண்டரை அசைத்துப் பாருங்கள். வீட்டுச் சிலிண்டரில் 14 கிலோ கேஸ் இருக்கும், முழுதாக இருந்தால் இலேசில் அசையாது. கேஸ் இருந்தும் தீ சின்னது என்றால் ரெகுலேட்டரும் குழாயும்தான் பாக்கி. குழாயை வளைத்துப் பார்த்து வெடிப்புத் தெரிந்தால் அன்றைக்கே மாற்றுங்கள். இணைப்பில் சோப்பு நுரை தடவிப் பாருங்கள், குமிழ் எழுந்தால் கசிவு.

இதற்கு மேல் நீங்களாகக் கழற்ற வேண்டாம். துளையைக் கம்பியால் குத்திப் பெரிதாக்குவது, ரெகுலேட்டரைப் பிரிப்பது இரண்டும் கூடாது. கேஸ் போடும் கடைக்காரரையோ அடுப்பு பழுது பார்ப்பவரையோ கூப்பிடுங்கள். கேஸ் வாடை அடித்தால் சிலிண்டர் வால்வை மூடி, சன்னல் கதவைத் திறந்து, மின்விசையில் கை வைக்காமல் எல்லோரையும் வெளியே கூட்டிப்போங்கள். வாடை நிற்கவில்லை என்றால் வெளியிலிருந்தே 999 அழைத்து பொம்பாவை (தீயணைப்புப் படை) வரச்சொல்லுங்கள். சட்டி எண்ணெய் தீப்பிடித்தால் அடுப்பை அணைத்து மூடியால் மூடுங்கள், தண்ணீரை ஊற்றவே ஊற்றாதீர்கள்.

மிச்சம் வைத்ததில் வாடை, சாப்பிட்டவருக்கு வயிறு சரியில்லை

சமைத்து இரண்டு மணி நேரத்துக்குள் மிச்சத்தைக் குளிர்பெட்டியில் வைக்க வேண்டும். பெரிய சட்டியோடு வைக்காமல் ஆழமில்லாத டப்பாவில் பரப்பினால் சீக்கிரம் குளிரும். இரவு முழுவதும் அடுப்பிலேயே கிடந்ததைக் காலையில் கொதிக்க வைத்துச் சாப்பிடலாம் என்று நினைக்காதீர்கள். சில கிருமிகள் விடும் நஞ்சு சூட்டுக்கு அழியாது. பெட்டியில் வைத்தும் புளிப்பு வாடை வந்தால் கதவு ரப்பர் சரியாக ஒட்டுகிறதா, உள்ளே சாமான் அடைந்து கிடக்கிறதா என்று பாருங்கள். உள்ளே 4 பாகைக்கு மேலேயே நின்றால் பெட்டி பழுது பார்ப்பவர் வர வேண்டும். அதுவரை கோழியை அன்றன்றைக்கு வாங்குங்கள்.

ஒன்றிரண்டு முறை வாந்தியோ வயிற்றுப்போக்கோ என்றால் ஓஆர்எஸ் தூளைக் கரைத்துக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுத்துக் கவனியுங்கள். மலத்தில் இரத்தம், கடுமையான காய்ச்சல், குடித்தது எதுவும் தங்காமை, சிறுநீர் குறைவது, மூன்று நாளைத் தாண்டும் வயிற்றுப்போக்கு இவற்றில் எது இருந்தாலும் கிளினிக்குக்குப் போங்கள். கைக்குழந்தை, கர்ப்பிணி, வயதானவர் என்றால் இதற்கெல்லாம் காத்திருக்காமல் முதலிலேயே காட்டிவிடுங்கள். சாப்பிட்ட பலருக்கும் ஒன்றாக வந்திருந்தால் டாக்டரிடம் அதையும் சொல்லுங்கள், என்ன சாப்பிட்டீர்கள், எத்தனை மணிக்கு என்பதையும் சேர்த்து.